எல்லை தாண்டாமலே விற்கப்படுகிறவர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பர்மாவின் தென்பகுதியில் உள்ள மோல்மீன் நகரில், கோயிலை ஒட்டி நடக்கும் தமிழ்ப் பாடசாலையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் சிறுவர்களுக்கு அரிச்சுவடி சொல்லிக்கொடுத்து ஓய்ந்தவன் நான். இணையம் கிடைக்கும் நாட்களில் பேரனின் கைப்பேசியில் தங்கள் நாளிதழை வாசிக்கிறேன். மியாவடிப் பகுதியின் இணைய மோசடிக் கூடங்களில் சிக்கி மீண்ட தமிழ் இளைஞர்களைப் பற்றித் தாங்கள் வெளியிட்ட செய்திகளையும், அவற்றுக்கு வாசகர்கள் எழுதிய கடிதங்களையும் படித்தேன். கடிதங்களில் பெரும்பாலானவை இரண்டு கருத்துகளையே திரும்பத் திரும்பச் சொல்லின. பேராசை பெருநஷ்டம், படித்த பிள்ளைகள் இப்படி ஏமாறலாமா என்பது ஒன்று. சட்டம் ஒழுங்கு இல்லாத அந்நிய மண்ணில் போய் விழுந்ததால் வந்த வினை இது, சொந்த நாட்டில் கூழோ கஞ்சியோ குடித்துக்கொண்டு இருந்திருக்கலாம் என்பது மற்றொன்று. முதலாவது எனக்கு வருத்தம் தந்தது. இரண்டாவது உண்மைக்கு மாறானது என்று நான் கருதுவதால் இக்கடிதத்தை எழுதுகிறேன்.

மோல்மீனிலிருந்து வடகிழக்கே போய், காக்கரெய்க் ஊரை அடுத்த மலையைக் கடந்து செல்லும் சாலை மியாவடியில் முடிகிறது. ஆற்றுக்கு அக்கரையில் தாய்லாந்தின் மே சோட் நகரம். தாய்லாந்தில் கணினி வேலை என்று சொல்லி பாங்காக்குக்கு வரவழைத்து, அங்கிருந்து காரில் மே சோட் வரை கொண்டுவந்து, இரவோடிரவாக ஆற்றைக் கடக்கவைத்து, இக்கரை சேர்ந்ததும் பாஸ்போர்ட்டைப் பறித்துக்கொள்வது அங்கே வழக்கமாகிவிட்டது. 2022 அக்டோபரில் தமிழர்கள் 13 பேர் அங்கிருந்து சென்னை திரும்பினார்கள். 2025 மார்ச்சில் இரண்டு நாட்களில் இந்தியர்கள் 549 பேரை இந்திய விமானப்படையின் விமானங்கள் மே சோட்டிலிருந்து ஏற்றிச் சென்றன. இவையெல்லாம் தாங்களே வெளியிட்ட செய்திகள்தாம். அவர்கள் எப்படிச் சிக்கினார்கள் என்பதை நான் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்தச் செய்திகளை வாசித்தபோது எனக்குத் தோன்றியது வேறு. ஊரில் அறிந்த முகமாக வரும் தரகர், கையில் முதலில் வைக்கப்படும் பணம் அல்லது வாக்குறுதி, போய்ச் சேர்ந்த இடத்தில் திடீரென்று முளைக்கும் கடன், அந்தக் கடன் தீரும்வரை வாயிலைத் தாண்டக்கூடாது என்னும் கட்டளை ஆகிய இந்த வரிசை எனக்குப் பழக்கமானது. என் தாத்தா இந்த நாட்டுக்கு வந்த கதையும் அதுதான். இன்றைக்கு இந்தியாவுக்குள், ஒரு மாவட்டத்திலிருந்து இன்னொரு மாவட்டத்துக்கு லாரியில் போகிறவர்களின் கதையும் அதுவேதான்.

இந்த விஷயத்தில் நம் மொழியே நம்மைக் கொஞ்சம் ஏமாற்றுகிறது என்று ஒரு பள்ளி ஆசிரியனாக எனக்குத் தோன்றுகிறது. குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓடுவதையும் ஆள் கடத்தல் என்கிறோம், கூலிக்கு ஆள் பிடித்து விற்பதையும் ஆள் கடத்தல் என்றே எழுதுகிறோம். கடத்தல் என்று கேட்டவுடன் மக்கள் மனத்தில் வருவது வாயில் துணியை அடைத்து வண்டியில் ஏற்றுகிற காட்சி. விற்கப்படுகிறவர்களில் மிகப் பெரும்பாலோரை யாரும் தூக்கிக்கொண்டு போவதில்லை. அவர்கள் தட்டுமுட்டுச் சாமான்களை மூட்டை கட்டி, பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல்லிக்கொண்டு, தங்கள் காலாலேயே நடந்துபோய் பேருந்தில் ஏறுகிறார்கள். மனித வணிகம் என்ற சொல்லைத் தாங்கள் சில இடங்களில் பயன்படுத்துகிறீர்கள். எப்போதும் அதையே பயன்படுத்தினால் வாசகர்கள் தேட வேண்டிய இடத்தில் தேடுவார்கள்.

என் தாத்தா இராமநாதபுரம் சீமையிலிருந்து, கூலிக்கு ஆள் சேர்க்கும் ஒரு மேஸ்திரியின் பின்னால் வந்தவர். கப்பல் சீட்டும், வீட்டில் கொடுத்துவிட்டு வர இருபது ரூபாயும் மேஸ்திரி கொடுத்தார் என்று என் அப்பாயி சொல்லக் கேட்டிருக்கிறேன். அந்த இருபது ரூபாயை அடைப்பதற்கு அவர் நெல் ஆலையில் எத்தனை ஆண்டுகள் மூட்டை சுமந்தார் என்பதைப் பற்றி வீட்டில் ஒவ்வொருவர் ஒவ்வொரு கணக்குச் சொல்வார்கள். கூலி ஆலைக்காரரிடமிருந்து மேஸ்திரிக்குப் போகும், மேஸ்திரி தன் பங்கையும் சோற்றுச் செலவையும் முன்பணத்தில் ஒரு பகுதியையும் கழித்துக்கொண்டு மீதியைக் கொடுப்பார். தாத்தாவுக்கு எழுத்துத் தெரியாது. மேஸ்திரியின் நோட்டில் என்ன எழுதியிருந்ததோ அதுவே வேதம்.

இந்தக் குடும்பக் கதையைத் தங்கள் வாசகர்களுக்குச் சொல்வதற்கு ஒரு காரணம் உண்டு. 1922ஆம் ஆண்டின் இந்தியக் குடிபெயர்வுச் சட்டத்தின்படி இலங்கைக்கும் மலாயாவுக்கும் போன கூலிகளின் நிலையைக் கவனிக்க ஏட்டளவிலாவது இந்திய அரசின் ஏஜென்ட் ஒருவர் அங்கே இருந்தார். பர்மாவுக்கு வந்தவர்களுக்கு அதுவும் கிடையாது, ஏனென்றால் 1937 ஏப்ரல் முதல் நாள் வரை பர்மா பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம். கடல் தாண்டி வந்தாலும் என் தாத்தா சட்டத்தின் கண்ணில் உள்நாட்டில்தான் இடம் மாறியிருந்தார். 1931ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் இந்த நாட்டில் இருந்த இந்தியர்கள் 10,17,825 பேர். அவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் பர்மாவில் பிறக்காமல் வெளியிலிருந்து வந்தவர்கள். எல்லோரும் கூலிகள் அல்லர், செட்டியார்களும் குமாஸ்தாக்களும் வியாபாரிகளும் இருந்தார்கள். ஆனால் கூலிகளாக வந்த அத்தனை பேரும் பாஸ்போர்ட் கேட்காத, யாரும் கண்காணிக்காத ஒரு பாதையில் வந்தார்கள். எல்லை என்று ஒன்று இருந்தால்தான் காவல் என்று ஒன்று இருக்கும். நாட்டுக்குள் நடப்பது வெறும் வேலை தேடல், அதில் அரசுக்கு என்ன வேலை என்று அன்று சொன்னார்கள். இன்றும் அதையேதான் சொல்கிறார்கள்.

தமிழ்நாட்டுக்கு என் வாழ்நாளில் இரண்டு முறை வந்திருக்கிறேன். 1964க்குப் பிறகு பர்மாவிலிருந்து திரும்பிய எங்கள் உறவினர்கள் வடசென்னையில் இருக்கிறார்கள். இரண்டாம் முறை வந்தபோது, என் ஒன்றுவிட்ட தம்பி ஒருவர் அரிசி வாங்குவதற்காகச் செங்குன்றம் பக்கம் ஓர் ஆலைக்குப் போனார், நானும் உடன் சென்றேன். நெல் ஆலை என்றால் எங்கள் குடும்பத்துக்கு ஒரு தனி ஈடுபாடு உண்டு. சிமென்ட் களத்தில் புழுங்கல் நெல்லை மரப்பலகையால் தள்ளிக் கிளறிக்கொண்டு ஒரு குடும்பமே நின்றது, ஐந்தாறு வயதுக் குழந்தையும் காலால் நெல்லைக் கிளறிக்கொண்டிருந்தது. நள்ளிரவு கடந்து இரண்டு மணிக்கு எழுந்து நெல் அவிக்க வேண்டும், வெயில் ஏறும்முன் களத்தில் கொட்ட வேண்டும், மூட்டைக்கு இவ்வளவு என்று கூலி என்று அந்தப் பெண் சொன்னார். மழை பெய்தால் கூலி இல்லை, சோற்றுக்கு மீண்டும் கடன். அவர்கள் இருளர் பழங்குடியினர் என்று பிறகு தம்பி சொன்னார். நான் பர்மாவிலிருந்து வருகிறேன் என்று சொன்னதும் அந்தப் பெண் என்னிடம் கேட்ட கேள்வி ஒன்றே ஒன்று: "அங்க அட்வான்ஸ் எவ்ளோ குடுப்பாங்க, ஐயா?" சம்பளம் எவ்வளவு என்று அவர் கேட்கவில்லை. அந்தக் கேள்வியின் பொருள் எனக்கு விளங்க ஊர் திரும்பிச் சில நாட்கள் ஆயிற்று.

சம்பளம் என்பது செய்த வேலைக்கு வருவது. முன்பணம் என்பது தலைக்கு மேல் வந்த செலவுக்கு வருவது. பிரசவம், சாவு, மகளின் கல்யாணம், மருத்துவமனை என்று எதற்கும் வங்கியில் கடன் கிடைக்காத, பட்டா இல்லாத, பல இடங்களில் சாதிச் சான்றிதழும் ரேஷன் அட்டையும் கூட இல்லாத ஒரு குடும்பத்துக்கு, ஒரே நேரத்தில் சில ஆயிரங்களைக் கையில் வைக்கக்கூடியவர் மேஸ்திரி ஒருவர்தான். அதற்கு ஈடாக அவர்கள் வைக்கக்கூடியதும் ஒன்றுதான், உடம்பு. செங்கல் சூளைக்கு ஆள் எடுக்கிறவர்கள் தனி ஆளை எடுப்பதில்லை. கணவன், மனைவி, குழந்தைகள் என்று ஒரு குடும்பத்தைத்தான் கணக்கில் எடுத்துக்கொள்கிறார்கள். ஆயிரம் கல்லுக்கு இன்ன கூலி என்று பேசப்படும், ஆனால் வாரந்தோறும் கையில் வருவது செலவுக்காசு மட்டும். பருவ முடிவில்தான் கணக்குப் பார்க்கப்படும், கணக்கு வைத்திருப்பவர் முதலாளி. ஊரில் சாவு என்றால்கூட யாராவது ஒருவரைப் பிணையாக நிறுத்திவிட்டுத்தான் மற்றவர்கள் போகமுடியும். ஒடிசாவின் பலாங்கீர், நுவாபடா, களாஹாண்டி மாவட்டங்களிலிருந்து அறுவடைத் திருவிழா முடிந்ததும் புறப்பட்டு, தெலங்கானாவின் சூளைகளுக்கும் தமிழ்நாட்டின் சூளைகளுக்கும் வருகிறவர்களின் நிலையும் இதே. அங்கே மேஸ்திரியைச் சர்தார் என்கிறார்கள், இங்கே பர்மிய மொழியில் தரகரைப் ப்வெசா என்கிறார்கள், சொல்தான் வேறு. 2013 டிசம்பரில் முன்பணத் தகராறில் களாஹாண்டித் தொழிலாளர்கள் இருவரின் கையைத் தரகர்கள் வெட்டினார்கள். உச்சநீதிமன்றம் தானாகவே அந்த வழக்கைக் கையில் எடுத்தது. அப்படிக் கை வெட்டப்பட்டால்தான் அது செய்தியாகிறது. வெட்டப்படாத கைகள் மண் பிசைந்துகொண்டே இருக்கின்றன.

இந்தியாவில் சட்டம் இல்லையா என்று இங்குள்ள இளைஞர்கள் என்னிடம் கேட்டார்கள். நல்ல சட்டங்கள் உண்டு. அரசியல் சாசனத்தின் 23ஆம் பிரிவு மனித வணிகத்தையும் கூலியில்லா வெட்டி வேலையையும் கட்டாய உழைப்பையும் ஒரே மூச்சில் தடை செய்கிறது. 1976ஆம் ஆண்டின் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம், கொத்தடிமையாக வாங்கிய கடன் அனைத்தும் செல்லாது, திருப்பித் தர வேண்டியதில்லை என்று தெளிவாகச் சொல்கிறது. குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே கூலி கொடுத்து வேலை வாங்குவதே கட்டாய உழைப்புதான், பசியும் வறுமையும் ஒருவனை வேலைக்குத் தள்ளுவதும் கட்டாயம்தான் என்று உச்சநீதிமன்றம் 1982இல், ஆசிய விளையாட்டுப் போட்டிக்காக டெல்லியில் கட்டடம் கட்டிய தொழிலாளர்களின் வழக்கில் சொன்னது. உலகில் வேறெந்த நீதிமன்றமும் இவ்வளவு தூரம் போயிருக்குமா என்பது எனக்கு ஐயம். பந்துவா முக்தி மோர்ச்சா என்னும் கொத்தடிமை விடுதலை அமைப்பு தொடுத்த கல்குவாரி வழக்கில், 1983 டிசம்பரில் இன்னும் ஒரு படி மேலே போய், கட்டாய உழைப்பு என்று தெரிந்தால் அதன் பின்னால் முன்பணம் இருக்கிறது என்றே அரசு எடுத்துக்கொள்ள வேண்டும், இல்லையென்று நிரூபிப்பது முதலாளியின் பொறுப்பு என்றது.

ஆனால் அதே 1976ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி கொத்தடிமை வைத்திருந்தவருக்கு அதிகபட்ச அபராதம் இரண்டாயிரம் ரூபாய். மூன்றாண்டுச் சிறையும் ஏட்டில் உண்டு. அரை நூற்றாண்டாக அந்தத் தொகை மாறவில்லை. இன்று ஒரு குடும்பத்துக்குக் கொடுக்கப்படும் முன்பணமே அதைப்போல் பல மடங்கு என்னும்போது, முதலாளிக்கு அபராதம் வியாபாரச் செலவில் ஒரு சில்லறை.

எண்களைப் பார்த்தால் நிலைமை இன்னும் விளங்கும். 2016இல் மத்திய அரசு, 2030க்குள் 1.84 கோடிக் கொத்தடிமைகளை அடையாளம் கண்டு விடுவிக்கத் திட்டமிட்டிருப்பதாக அறிவித்தது. 1978 முதல் 2023 தொடக்கம் வரை விடுவிக்கப்பட்டவர்களின் தொகை சுமார் 3.15 லட்சம்தான். தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கில் 2022ஆம் ஆண்டு நாடு முழுவதும் பதிவான மனித வணிக வழக்குகள் 2,250. கோடியில் சொல்லப்படும் பாதிப்பும் ஆயிரத்தில் பதிவாகும் வழக்கும் ஒரே நாட்டைப் பற்றியவை என்று நம்பவே கடினமாக இருக்கிறது. மோல்மீனுக்குத் தெற்கே தான்பியூஸாயாட்டில், இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் போட்ட சயாம் மரண ரயில் பாதையில் இறந்த நேசநாட்டுப் போர்வீரர்களின் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. ஒவ்வொரு வீரருக்கும் ஒரு கல், பெரும்பாலானவற்றில் பெயர், வயது, படைப்பிரிவு. அதே பாதையில் மூன்று மாத வேலை, நல்ல கூலி என்று சொல்லி மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுவரப்பட்டு இறந்த தமிழர்களுக்கு அப்படி ஒரு கல் இல்லை. அவர்களின் பெயர்ப் பட்டியலை யாரும் வைத்துக்கொள்ளவில்லை. கணக்கில் ஏறாதவர்களைப் பற்றி நான் பேசும்போதெல்லாம் அந்தத் தோட்டம்தான் நினைவுக்கு வருகிறது, மன்னிக்கவும்.

வறுமைதான் காரணம் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவது எளிது. வறுமை அடிப்படைதான், மறுக்கவில்லை. ஆனால் ஏழைகள் எல்லோரும் விற்கப்படுவதில்லை. நிலம் இல்லாதவர்களும், காவல் நிலையத்தில் நாற்காலி கிடைக்காத சாதியில் பிறந்தவர்களும், மலையிலிருந்து காட்டுச் சட்டம் கீழே இறக்கிவிட்ட பழங்குடிகளும்தான் மீண்டும் மீண்டும் பட்டியலில் வருகிறார்கள். 2019 ஜூலையில் காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களில் மரம் வெட்டும் இடங்களிலிருந்து 42 பேர் மீட்கப்பட்டபோது, மீட்க வந்த அதிகாரியின் காலில் ஒரு முதியவர் விழுந்து கும்பிட்ட படம் வெளிவந்ததைத் தங்கள் வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அவர்களும் இருளர்களே. அந்த முதியவர் வாங்கிய கடன் ஆயிரம் ரூபாய் என்று செய்திகள் சொல்லின. ஆயிரம் ரூபாய்க்காக ஒரு மனிதரை ஆண்டுக்கணக்கில் கட்டிவைக்க முடிகிறதென்றால் அங்கே பணத்தைக் காட்டிலும் வலுவான வேறொன்று வேலை செய்கிறது. வாங்கியவருக்கும் கொடுத்தவருக்கும் இடையே உள்ள சாதித் தொலைவுதான் அது என்று நான் நினைக்கிறேன்.

இயற்கைச் சீற்றமும் தரகருக்கு ஒரு பருவம். 2009 மே மாதம் ஐலா புயல் சுந்தரவனத்தின் வயல்களில் உப்புநீரை ஏற்றிய பிறகு, அந்தத் தீவுகளின் பெண்பிள்ளைகளை வேலை, கல்யாணம் என்று சொல்லிப் பெருநகரங்களுக்குக் கொண்டுபோவது பெருகியது. இங்கே 2008 மே மாதம் நர்கிஸ் புயல் ஐராவதிக் கழிமுகத்தை அழித்ததைக் கண்டவன் நான், அழிந்த ஊரில் அரசு வண்டி வருவதற்கு முன் யார் வருவார் என்பது எனக்குத் தெரியும்.

பெண்கள் விஷயத்தில் இன்னொரு காரணமும் சேர்கிறது. 2011 கணக்கெடுப்பின்படி ஹரியானாவில் ஆறு வயதுக்குட்பட்ட ஆண் குழந்தைகள் 1,000 பேருக்குப் பெண் குழந்தைகள் 834 பேர்தான். கருவிலேயே பெண்ணை அழித்த ஊர்களுக்கு இருபது ஆண்டுகளுக்குப் பிறகு மருமகள் கிடைக்கவில்லை. அசாம், வங்காளம், பீகார், ஜார்க்கண்டிலிருந்து பணம் கொடுத்துப் பெண் கொண்டுவருகிறார்கள். அப்படி வந்தவளை அங்கே மோல்கி, அதாவது விலைக்கு வாங்கியவள் என்று முகத்துக்கு நேராகவே அழைக்கிறார்களாம். பர்மாவின் கச்சின், வட ஷான் பகுதிகளிலிருந்து சீனாவுக்குப் பெண்கள் மனைவியாக விற்கப்படுவதற்கும் அக்கரையில் அதே கணக்குதான் காரணம். ஆகவே இந்த நாடு யோக்கியம், அந்த நாடு அயோக்கியம் என்று நான் வாதாடவில்லை. பெண் சிசுக்கொலை நடந்த உசிலம்பட்டியையும், 1992இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் ஏன் தொடங்கப்பட்டது என்பதையும் அறிந்த தமிழர்கள் ஹரியானாவைப் பார்த்து முகம் சுளிக்கவும் முடியாது.

தமிழ்நாட்டுக்கே உரியதாக நான் கருதுவது பஞ்சாலைகளின் சுமங்கலித் திட்டம். அந்தப் பெயரைச் சூட்டியவரின் சாமர்த்தியத்தை மெச்சத்தான் வேண்டும். சில ஆலைகளில் மாங்கல்யத் திட்டம் என்றும், திருமகள் திருமணத் திட்டம் என்றும் பெயர். தென்மாவட்டக் கிராமங்களில் எட்டாவது, பத்தாவது முடித்த பெண்ணின் வீட்டுக்குத் தரகர் வந்து, கோவை, திருப்பூர், திண்டுக்கல் பக்கத்து ஆலையில் மூன்றாண்டு வேலை செய்தால் முடிவில் முப்பதாயிரம், ஐம்பதாயிரம் என்று மொத்தமாகக் கிடைக்கும், கல்யாணச் செலவுக்கு ஆயிற்று என்பார். ஆலை வளாகத்துக்குள்ளேயே விடுதி, வெளியே போக அனுமதி இல்லை, வீட்டோடு பேசுவதற்கும் கட்டுப்பாடு. கேம்ப் கூலி என்பார்கள். மூன்றாண்டு முடிவதற்குச் சில மாதங்களுக்கு முன் உடம்பு முடியாமல் திரும்பினால் அந்த மொத்தத் தொகை கிடையாது. பஞ்சுத் தூசியில் மூச்சு அடைத்துத் திரும்பியவர்களுக்கும் அப்படியே. முன்னால் பணம் கொடுத்துக் கட்டிவைப்பது சூளையின் வழி, பின்னால் தருவதாகச் சொல்லிக் கட்டிவைப்பது ஆலையின் வழி. இரண்டிலும் பணம் கைக்கு வரும் நாளை நிர்ணயிப்பவர் உழைத்தவர் அல்லர். இதில் ஆலை முதலாளியை மட்டும் குற்றம் சொல்லி முடித்துவிட முடியாது. 1961இலேயே சட்டம் தடை செய்த வரதட்சிணை, தரகர் அந்த வீட்டு வாசலில் நிற்பதற்கு வெகுகாலம் முன்பிருந்தே அங்கே உட்கார்ந்திருக்கிறது. பதினைந்து வயதுப் பெண் தன் கல்யாணத்துக்குத் தானே சம்பாதிக்கப் போவதை நல்ல பிள்ளை என்று பாராட்டும் உறவினர்களில் யாருக்கும் அது வணிகமாகத் தெரிவதில்லை.

சிறுவர்களைப் பற்றி அதிகம் சொல்ல மனம் வரவில்லை. பீகாரின் கயா மாவட்டத்துப் பிள்ளைகள் ஜெய்ப்பூரின் இருட்டறைகளில் அரக்கு வளையலுக்குக் கல் ஒட்டுகிறார்கள். ஜார்க்கண்டின் கும்லா, குந்தி மாவட்டப் பழங்குடிச் சிறுமிகளை டெல்லியின் வேலைவாய்ப்பு முகவர்கள் வீட்டு வேலைக்கு விற்கிறார்கள். தேனி, உசிலம்பட்டிப் பக்கத்துப் பையன்கள் வடமாநிலங்களில் தமிழர்கள் நடத்தும் முறுக்குக் கம்பெனிகளில் அதிகாலையிலிருந்து எண்ணெய்ச் சட்டி முன் நிற்கிறார்கள். தமிழன் வாங்குகிறவனாகவும் இருக்கிறான், விற்கப்படுகிறவனாகவும் இருக்கிறான் என்பதற்கு இந்தக் கடைசிச் செய்தி போதும்.

அவர்களே விரும்பித்தானே போனார்கள் என்னும் கேள்விக்கு வருகிறேன். தங்கள் வாசகர்கள் பேராசை என்று எழுதியதும் இந்தக் கேள்வியின் வேறொரு வடிவமே. 2013இல் திருத்தப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 370ஆம் பிரிவு, மனித வணிகக் குற்றத்தைத் தீர்மானிப்பதில் பாதிக்கப்பட்டவரின் சம்மதத்தைப் பொருட்படுத்த வேண்டியதில்லை என்று சொன்னது. அச்சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 143ஆம் பிரிவிலும் அது அப்படியே இருக்கிறது. சட்டம் எழுதியவர்களுக்கு விளங்கிய இந்த உண்மை வட்டாட்சியர் அலுவலகத்திலும் காவல் நிலையத்திலும் விளங்குவதில்லை. நீயேதானே கைநாட்டு வைத்தாய், வாங்கிய பணத்தைக் கொடுத்துவிட்டுப் போ என்று அங்கே சொல்லப்படும் அறிவுரை முதலாளியின் வசூல் வேலையைச் செய்கிறது. சூளையிலிருந்து தப்பி ஓடியவரைத் தேடிப் பிடித்துக் கொடுப்பது பணம் வாங்கிவிட்டு ஏமாற்றியவனைப் பிடிப்பதாகவே பலருக்குத் தோன்றுகிறது.

மீட்புக்குப் பிறகு நடப்பதைப் பற்றித் தங்கள் நாளிதழில் நான் வாசித்தது மிகக் குறைவு. கோட்டாட்சியர் தரும் விடுதலைச் சான்றிதழ்தான் மீட்கப்பட்டவருக்கு எல்லாம். அது இல்லாவிட்டால் கடன் தீர்ந்ததற்கு அத்தாட்சி இல்லை, அரசு உதவிக்கும் வழியில்லை. 2016ஆம் ஆண்டின் மறுவாழ்வுத் திட்டத்தில் ஆணுக்கு ஒரு லட்சம் ரூபாய், பெண்ணுக்கும் குழந்தைக்கும் இரண்டு லட்சம், கொடிய நிலையில் இருந்தவர்களுக்கு மூன்று லட்சம் என்று வைத்திருக்கிறார்கள். ஆனால் முழுத் தொகையும் வழக்கின் முடிவோடு முடிச்சுப் போடப்பட்டுள்ளது. வழக்கு முடிய எத்தனை ஆண்டு ஆகும் என்று தமிழ்நாட்டில் வாழ்கிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதுவரை கையில் உள்ள உடனடி உதவித்தொகை அரிசி பருப்புக்குத் தீர்ந்து, மழைக்காலம் வந்து, குழந்தைக்குக் காய்ச்சல் என்று ஓர் இரவு வரும்போது அதே மேஸ்திரி அதே வாசலில் நிற்பார். 2018 ஜூலையில் மக்களவை நிறைவேற்றிய மனித வணிகத் தடுப்பு மசோதா மறுவாழ்வுக்கென்று தனி நிதியைப் பற்றிப் பேசியது. அதில் குறைகள் இருந்தன என்று பலர் எதிர்த்தார்கள், அதில் நியாயமும் இருந்தது. மாநிலங்களவையில் நிறைவேறாமலே 2019இல் அது காலாவதியானது.

ஆசிரியர் அவர்களே, மீட்கப்பட்டவர்களின் முகம் தெரியும்படி வரிசையாக நிறுத்தி எடுத்த படங்களை இனி வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். அந்தப் படத்தில் இருப்பவர்களை அடுத்த பருவத்தில் வேலைக்கு அழைக்கப் போகிற மேஸ்திரியும் தங்கள் நாளிதழைப் பார்க்கிறார். மாறாக, ஆறு மாதம் கழித்து அதே ஊருக்கு ஒரு நிருபரை அனுப்பி, சான்றிதழ் கிடைத்ததா, வழக்கு எந்த நிலையில் இருக்கிறது, முன்பணம் கொடுத்தவர் இப்போது என்ன செய்கிறார் என்று கேட்டு எழுதினால், மியாவடியைப் பற்றிய பத்துச் செய்திகளைவிட அது பயன்படும்.

இன்னொன்றும் உண்டு, இது தங்கள் அலுவலகத்தைச் சேர்ந்தது என்பதால் சற்றுத் தயக்கத்தோடு எழுதுகிறேன். மியாவடிச் செய்தி வெளியான அதே ஞாயிற்றுக்கிழமைப் பதிப்பின் வரி விளம்பரப் பக்கத்தை என் பேரன் எனக்கு வாசித்துக் காட்டினான். "செங்கல் சூளைக்குக் குடும்பத்துடன் ஆட்கள் தேவை, முன்பணம் உண்டு" என்று ஒன்று. "மில் வேலைக்கு 18 வயதுப் பெண்கள், தங்குமிடம் உணவு இலவசம்" என்று ஒன்று. "தாய்லாந்தில் டேட்டா என்ட்ரி, அனுபவம் தேவையில்லை, விசா இலவசம்" என்று மற்றொன்று. மூன்றிலும் நிறுவனத்தின் பெயர் இல்லை, முகவரி இல்லை, ஒரு கைப்பேசி எண் மட்டும் இருந்தது. வெளிநாட்டு வேலைக்கு ஆள் எடுக்கும் முகவர் 1983ஆம் ஆண்டின் குடிபெயர்வுச் சட்டப்படி பதிவு பெற்றிருக்க வேண்டும். மாநிலம் விட்டு மாநிலம் ஆள் கொண்டுபோகும் ஒப்பந்தக்காரர் உரிமம் பெற வேண்டும் என்று 2025 நவம்பர் வரை நடைமுறையில் இருந்த 1979ஆம் ஆண்டின் வெளிமாநிலத் தொழிலாளர் சட்டத்திலேயே விதித்திருந்தார்கள். பதிவு எண்ணையோ உரிம எண்ணையோ கொடுக்காத விளம்பரத்தைத் தங்கள் விளம்பரப் பிரிவு திருப்பி அனுப்புமா என்பதை அறிய விரும்புகிறேன். பதிலைத் தங்கள் பத்திரிகையிலேயே வெளியிட்டால் போதும், இங்கே அஞ்சல் வந்து சேர்வது நிச்சயமில்லை.

தங்கள் வாசகன்,
ஓய்வுபெற்ற தமிழாசிரியன்,
மோல்மீன், பர்மா.
(பெயரை வெளியிட வேண்டாம்.)